எமது நோன்புத் தட்டில் இருக்கும் பெட்டிஸ் எங்கிருந்து வந்தது?



நோன்பு வந்துவிட்டால் அஸருக்குப் பிறகு எமது ஊர்க் குசினிகளில் என்ன நடக்கும் என்று சொல்லத் தேவையில்லை. ஓர் அடுப்பில் கஞ்சி, மற்ற அடுப்பில் எண்ணெய்ச் சட்டி. சமூசா, ரோல்ஸ், கட்லட், பெட்டிஸ் என்று தட்டு நிறையும். இந்தப் பதிவு அந்தத் தட்டில் இருக்கும் பெட்டிஸைப் பற்றியது. கொஞ்சம் நீளமாகத்தான் இருக்கும். தராவீஹ் முடிந்து ஆறுதலாக வாசித்தாலும் பரவாயில்லை.

ஏன் இதை எழுத வேண்டி வந்தது என்றால், அண்மையில் வகுப்பில் போர்த்துக்கேயர் பாடம் நடந்தது. 1505இல் அவர்கள் வந்தது, கறுவா வியாபாரத்தைக் கைப்பற்றியது, 1626இல் தமது ஆட்சிக்குட்பட்ட கரையோரப் பகுதிகளிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்ற உத்தரவிட்டது எல்லாம் சொன்னோம். அப்படி வெளியேற்றப்பட்டவர்களுக்குக் கண்டி மன்னன் செனரத் இடம் கொடுத்ததும், சுமார் 4000 பேரை மட்டக்களப்புப் பகுதியில் குடியமர்த்தியதும் எமது வரலாற்றில் மறக்க முடியாத இடம். அடுத்த பாடத்தில் போர்த்துக்கேயர் விட்டுச் சென்ற சொற்களைக் கரும்பலகையில் எழுதினோம். மேசை, அலுமாரி, சாவி, ஜன்னல், குசினி, பாண். அவர்களுடைய பலகாரங்களைப் பற்றியும் பேச்சு வந்தது. அப்போது ஒரு மாணவன் எழும்பிக் கேட்டான்: "அப்ப சேர், எங்கட ஆக்கள விரட்டினவங்கட சாப்பாட்டயா நாங்க நோன்பு திறக்கத் திங்கிற?"

வகுப்பே சிரித்தது. ஆனால் கேள்வி சிரிப்புக்குரியது அல்ல. இதே கருத்தை இந்த வருடம் கைபேசியில் சுற்றும் செய்தியாகவும் பார்த்தோம். "சமூசா நம்முடையது, பெட்டிஸ் பரங்கியர் பண்டம், இப்தாருக்கு வேண்டாம்" என்று ஒருவர் எழுதி, பலர் அதைப் பகிர்ந்திருந்தார்கள். எமக்கு அதை வாசித்தபோது கோபத்தை விடப் பயம்தான் வந்தது. ஏனென்றால் "இது இந்த மண்ணுக்கு உரியதல்ல, வெளியிலிருந்து வந்தது" என்ற அதே வாதம் எங்களை நோக்கி எத்தனை தடவை வீசப்பட்டிருக்கிறது! எமது உடை, எமது உணவு, ஹலால் என்ற ஒரு சொல் கூட அந்த வாதத்துக்குத் தப்பவில்லை. அந்த அளவுகோலை நாமே கையில் எடுத்து ஒரு மாவுப் பண்டத்தை அளக்கப் போனால், பிறகு அடுத்தவன் எம்மை அளக்கும்போது என்ன சொல்வது?

சரி, வரலாற்றுக்கு வருவோம்.

பெட்டிஸுக்கு உலகில் பெரிய குடும்பம் ஒன்று இருக்கிறது. அந்தக் குடும்பத்தில் மிகப் பிரபலமானவர் எம்பனாடா. ஸ்பெயினிலும் தென்னமெரிக்கா முழுவதிலும் சாப்பிடும் பண்டம். கோதுமை மாவை வட்டமாகத் தட்டி, உள்ளே கறி வைத்து, அரைச் சந்திரனாக மடித்து, விளிம்பை முறுக்கி, சுட்டோ பொரித்தோ எடுப்பார்கள். படத்தைப் பார்த்தால் எமது உம்மாமார் "இது பெட்டிஸ்தானே" என்றுதான் சொல்வார்கள். ஸ்பானிய மொழியில் 'எம்பனார்' என்றால் பாணுக்குள் பொதிவது. 'பான்' என்பது அவர்களுக்குப் பாண். போர்த்துக்கேயர் சொல்வது 'பாவ்ங்' என்பது போல ஒலிக்கும். அதுதான் எமது வாயில் பாணாகியது. ஆக எம்பனாடா என்ற சொல்லின் நடுவில் நாம் காலையில் சம்பலோடு சாப்பிடும் பாண் இருக்கிறது.

மாவுக்குள் கறி வைத்து மூடும் யோசனை யாருடையது என்று கேட்டால், ஒருவரைக் காட்ட முடியாது. கோதுமை விளைந்த பல நாடுகளில் மக்கள் இதைச் செய்திருக்கிறார்கள். பிரயாணத்தில் கையில் எடுத்துப் போகலாம், பீங்கான் தேவையில்லை, கறி சிந்தாது. ஆனால் எழுதி வைத்த சான்றுகளில் பழமையான சில எமது நாகரிகத்துக்குள் இருப்பதையும் சொல்லத்தான் வேண்டும். அப்பாஸிய பக்தாதில் 'சன்பூசஜ்' என்ற பண்டம் பெரும் பிரபலம். 9ஆம் நூற்றாண்டின் புகழ்பெற்ற இசைக் கலைஞர் இஸ்ஹாக் அல் மவ்ஸிலி அதைப் புகழ்ந்து கவிதையே பாடினார். வரலாற்றாசிரியர் அல் மஸ்ஊதி அதைத் தன் நூலில் பதிந்து வைத்தார். 1226இல் பக்தாதில் எழுதப்பட்ட சமையல் நூலிலும் அது இருக்கிறது. இப்னு பதூதா டில்லி சுல்தான் முகம்மது பின் துக்ளக்கின் விருந்தில் கொத்திய இறைச்சியும் பாதாமும் பிஸ்தாவும் வெங்காயமும் வைத்து நெய்யில் பொரித்த சமூசாவைச் சாப்பிட்டதாக எழுதுகிறார். அதே இப்னு பதூதாதான் 1344இல் புத்தளத்தில் கரையிறங்கிப் பாவா ஆதம் மலைக்கு ஏறினார். அந்த மலைப் பயணத்தில் யாராவது அவருக்கு ஒரு சமூசா கட்டிக் கொடுத்திருந்தால் எங்களுக்கு எவ்வளவு பெருமையாக இருந்திருக்கும்!

இனி அந்தலூஸுக்குப் போவோம். 711இல் முஸ்லிம்கள் ஸ்பெயினுக்குப் போனார்கள். கிட்டத்தட்ட 800 வருடங்கள். அந்தக் காலத்தில் அந்த நாட்டு வயல்களும் தோட்டங்களும் மாறிப் போயின. இன்று ஸ்பானியர் பேசும் மொழியில் குசினிச் சொற்களை எடுத்துப் பாருங்கள். எண்ணெய்க்கு 'அசெய்தே', அரபியில் அஸ்ஸைத். ஒலிவ் காய்க்கு 'அசெய்துனா', அரபியில் அஸ்ஸைத்தூனா. சீனிக்கு 'அஸூகார்', அரபியில் அஸ்ஸுக்கர். அரிசிக்கு 'அர்ரோஸ்'. கத்தரிக்காய்க்கு 'பெரென்ஹேனா', அரபியில் பாதின்ஜான். பசளி போன்ற கீரைக்கு 'எஸ்பினாகா'. கரட்டுக்கு 'ஸனஓரியா' என்பதும் அந்தலூஸ் அரபியிலிருந்து போனதுதான். மரக்கறியை மதித்துச் சமைக்கும் பழக்கம் அங்கே எவ்வளவு ஆழமாக வேரூன்றியது என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை.

இந்த இடத்தில் ஒருவரை அறிமுகப்படுத்தியே ஆக வேண்டும். பெயர் இப்னு ரஸீன் அத்துஜீபி. 1227இல் முர்ஸியா நகரில் பிறந்தவர். நகரங்கள் ஒவ்வொன்றாகக் கிறிஸ்தவ மன்னர்களின் கையில் விழுந்த காலம் அது. இளம் வயதிலேயே ஊரை விட்டு வெளியேறி, கடைசியில் துனிஸில் குடியேறினார். அங்கே இருந்து அவர் எழுதியது அந்தலூஸ் சமையலைப் பற்றிய பெரிய நூல். அதில் மரக்கறிகளுக்கென்றே ஒரு தனிப் பகுதி வைத்தார். சுரைக்காய், கத்தரிக்காய், கரட், கீரை என்று ஒவ்வொன்றாக. ஊரை இழந்த ஒரு மனிதன் உட்கார்ந்து சமையல் குறிப்பு எழுதுகிறான் என்றால் அது ருசிக்காக மட்டும் எழுதியதாக எமக்குத் தோன்றவில்லை. இடம்பெயர்ந்த எமது மக்களில் எத்தனை உம்மம்மாமார் "எங்கட ஊர்ல இதுக்கு இப்படித்தான் போடுவோம்" என்று சொல்லிச் சொல்லிச் சமைத்தார்கள் என்று நினைத்துப் பாருங்கள்.

அந்த நூலில் 'முஜப்பனா' என்று ஒரு பண்டம் வரும். பாற்கட்டியை மாவில் வைத்துச் செய்வது. அந்தலூஸ் மக்களுக்கு அதில் பைத்தியம். இன்று கொலம்பியாவில் போய் 'அல்மோஹாபனா' என்று கேட்டால் பாற்கட்டி சேர்த்த ஒரு பணிஸைத் தருவார்கள். சொல் அதுதான். முஸ்லிம்களை வெளியேற்றியவர்களே அந்தப் பெயரையும் பண்டத்தையும் கப்பலில் ஏற்றிக்கொண்டு கடல் கடந்து போயிருக்கிறார்கள்.

1492 ஜனவரியில் கிரனாடா விழுந்தது. அதே வருடம் ஆகஸ்டில் கொலம்பஸ் புறப்பட்டார். ஸ்பெயினில் எஞ்சியிருந்த முஸ்லிம்கள் மதம் மாற்றப்பட்டு 'மொரிஸ்கோ' ஆனார்கள். அவர்களை வேவு பார்க்க விசாரணை மன்றம் பார்த்தது எதை? குசினியை! பன்றிக் கொழுப்புப் போடாமல் ஒலிவ் எண்ணெயில் சமைக்கிறார்களா, நிலத்தில் உட்கார்ந்து குஸ்குஸ் சாப்பிடுகிறார்களா என்று அயலவர் போய்ச் சாட்சி சொன்னார்கள். ஒரு சட்டி எண்ணெய் குற்றச்சாட்டுப் பத்திரத்தில் ஏறியது. 1609க்கும் 1614க்கும் இடையில் அவர்களும் மொத்தமாக நாடு கடத்தப்பட்டார்கள். அதற்குப் பன்னிரண்டு வருடம் கழித்துத்தான் இங்கே எமது 1626. அன்று போர்த்துக்கல்லையும் ஸ்பெயினையும் ஒரே அரசன்தான் ஆண்டான் என்பதையும் சேர்த்து வாசித்தால் இரண்டு சம்பவங்களும் ஒரே கடிதத்தின் இரண்டு பக்கம் போலத் தெரியும்.

எங்களுக்குப் பெயர் வைத்ததும் அவர்கள்தான். வடஆபிரிக்க, அந்தலூஸ் முஸ்லிம்களை அழைத்த 'மூரோ' என்ற சொல்லைக் கொண்டுவந்து இங்கே சோனகர் மீது ஒட்டினார்கள். ஆங்கிலேயர் அதை 'மூர்' ஆக்கினார்கள், இன்றும் எமது பிறப்புச் சான்றிதழில் அது இருக்கிறது. ஸ்பானியர் 1565இல் பிலிப்பைன்ஸைப் பிடிக்கத் தொடங்கியபோது அங்கிருந்த முஸ்லிம்களுக்கும் 'மோரோ' என்றே பெயர் வைத்தார்கள். மின்டனாவோ மக்கள் இன்று அந்தப் பெயரைத் தமது அடையாளமாகவே வைத்திருக்கிறார்கள். அதே கப்பல்களில் எம்பனாடாவும் போய் இறங்கியது. லூசோன் தீவின் வடக்கே இலோகோஸ் பகுதியில் அரிசி மாவில் செம்மஞ்சள் நிறம் சேர்த்து மேலோட்டைத் தட்டி, உள்ளே துருவிய பப்பாசிக் காயும் பயறும் வைத்துப் பொரிக்கிறார்கள். எம்பனாடா என்ற பெயர் மட்டும்தான் ஸ்பெயினுடையது, உள்ளே முழுவதும் அந்த ஊர்த் தோட்டம்.

தென்னமெரிக்காவில் நடந்தது இன்னும் பெரிய கதை. கோதுமையும் ஒலிவும் திராட்சை வற்றலும் ஸ்பெயினிலிருந்து போயின. சோளம், பூசணி, உருளைக்கிழங்கு, மிளகாய் எல்லாம் அந்த மண்ணிலேயே இருந்தவை. சிலி நாட்டு எம்பனாடாவின் கறிக்குப் 'பினோ' என்று பெயர், அது அந்த மண்ணின் ஆதிக்குடிகளான மாப்புச்சேக்களின் சொல். ஆர்ஜென்டீனாவின் வடமேற்கில் சோளத்தை அரைத்து வேகவைத்த 'உமித்தா'வை உள்ளே வைப்பார்கள். சால்தா மாகாணத்தார் உருளைக்கிழங்கு போடுவார்கள், பக்கத்துத் துகுமான் மாகாணத்தார் "அது எம்பனாடாவே இல்லை" என்று சண்டைக்கு வருவார்கள். (எங்கள் ஊர் வட்டிலப்பத்துக்குப் பக்கத்து ஊரில் என்ன சொல்வார்கள் என்று கேட்டுப் பாருங்கள், விளங்கும்.) கத்தோலிக்கர் தவக்காலத்தில் இறைச்சி சாப்பிடக் கூடாத நாட்களில் கீரையோ மீனோ வைத்த எம்பனாடா அங்கே வழக்கமாகியது. மரக்கறி எம்பனாடாவுக்கு நிலையான இடம் கிடைத்ததில் நோன்புக்கும் ஒரு பங்கு உண்டு. அங்கு அதிகம் போடும் கீரைக்கு 'அசெல்கா' என்று பெயர். அதுவும் அரபியில் அஸ்ஸில்க். ஆர்ஜென்டீனக் கிறிஸ்தவர் ஒருவர் தவக்காலத்தில் அந்தக் கீரைப் பெயரை உச்சரிக்கும்போது அரபியைத்தான் உச்சரிக்கிறார், அவருக்குத் தெரியாமலே.

இதற்குப் பிறகும் ஒரு வேடிக்கை. 19ஆம் நூற்றாண்டின் கடைசியிலும் அதன் பிறகும் சிரியா, லெபனான் பகுதியிலிருந்து ஆயிரக்கணக்கானோர் ஆர்ஜென்டீனாவுக்குப் பிழைக்கப் போனார்கள். துருக்கிய ஆட்சியின் கடவுச்சீட்டோடு போனதால் அவர்களைத் 'துர்க்கோ' என்று அழைத்தார்கள், அவர்கள் துருக்கியரே இல்லை. அவர்கள் முக்கோணமாக மடித்து எலுமிச்சம் புளி விட்டுச் செய்த பண்டம் இன்று அங்கே கடை கடையாக 'எம்பனாடா அராபே' என்ற பெயரில் விற்கிறது. அரபு மண்ணிலிருந்து ஸ்பெயினுக்குப் போன சமையல், ஸ்பெயினிலிருந்து கடல் கடந்து, அங்கே மறுபடியும் அரபுக் கையில் சேர்ந்திருக்கிறது.

கிழக்குப் பக்கம் பயணம் செய்தது போர்த்துக்கேயரின் 'பஸ்தெல்'. 1511இல் மலாக்காவைப் பிடித்தார்கள். இந்தோனேசியாவில் இன்றும் அதே பெயர், அதே அரைச் சந்திரன். உள்ளே கரட், உருளைக்கிழங்கு, மெல்லிய நூடில்ஸ், ஒரு துண்டு முட்டை. ஒல்லாந்தர் காலத்தில் ஜாவாவிலிருந்தும் பக்கத்துத் தீவுகளிலிருந்தும் போர்வீரர்களாகவும் நாடு கடத்தப்பட்டவர்களாகவும் இங்கே வந்த மலே மக்களின் குசினியில் அது 'பஸ்தோல்' ஆனது. மலே நண்பர்கள் வீட்டுப் பெருநாள் மேசையில் சாப்பிட்டவர்களுக்குத் தெரியும். ஆக இந்தத் தீவுக்கு இந்தப் பண்டம் ஒரே வாசலால் வரவில்லை. போர்த்துக்கேயரின் கையால் ஒரு தரம், முஸ்லிம்களான மலே சகோதரர்களின் கையால் இன்னொரு தரம். ஒல்லாந்தர், பறங்கியர் வீடுகளிலும் அது நிலைத்தது. 'பெட்டிஸ்' என்ற பெயரை ஆங்கிலத்திலிருந்து எடுத்தோம். அதைச் சுடும் பேக்கரி அடுப்பைப் 'போறணை' என்கிறோமே, அது போர்த்துக்கேயரின் 'போர்னு'.

உள்ளே வைக்கும் கறியைப் பாருங்கள். மிளகாய் அமெரிக்க மண்ணின் காய், போர்த்துக்கேயர் காலத்தில்தான் எமக்கு வந்தது. அதற்கு முன் எமது காரம் மிளகு. நாம் 'கொச்சிக்காய்' என்று சொல்வதில் அது கொச்சித் துறைமுகம் வழியாக வந்த ஞாபகம் இருக்கிறது. உருளைக்கிழங்கு அண்டீஸ் மலையிலிருந்து புறப்பட்டு, பிரித்தானியர் காலத்தில் நுவரெலியா மலையில் ஏறியது. லீக்ஸும் அப்படித்தான். கறிவேப்பிலையும் றம்பையும் தேங்காய்ப் பாலும் எமது வளவிலிருந்து. அந்த மாணவனுக்கு நாம் சொன்ன பதில் இதுதான்: விரட்டியவனுடைய பண்டம் என்று பெட்டிஸைத் தள்ளினால், முதலில் கறியிலிருந்து கொச்சிக்காயைத் தள்ள வேண்டும். தள்ளுவாயா? அவன் கொஞ்சம் யோசித்து, "கொச்சிக்காய் இல்லாம ஏலா சேர்" என்றான். அவன் கேட்டது நல்ல கேள்வி என்பதையும் சொன்னோம். 1626ஐ மறந்துவிட்டுச் சாப்பிடு என்று யாரும் சொல்லவில்லை. இரண்டையும் தெரிந்து வைத்திருக்கலாம்.

மரக்கறி பெட்டிஸை இவ்வளவு தூரம் பேசுவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. ஸ்பெயினில் பன்றிக் கொழுப்பு, ஆர்ஜென்டீனாவில் மாட்டுக் கொழுப்பு என்று மேலோட்டில் கொழுப்புச் சேர்ப்பது வழக்கம். ஒருவருக்கு ஆகாத கொழுப்பை வைத்து அவரைப் பிடித்துக் கொடுத்த வரலாற்றை மேலே பார்த்தோம். எமது ஆசிரியர் அறையில் வெள்ளிக்கிழமை மரக்கறி மட்டும் சாப்பிடும் இந்து ஆசிரியைகள் இருக்கிறார்கள், போயா தினத்தில் இறைச்சி தொடாத சிங்கள ஆசிரியர் இருக்கிறார், தவக்காலம் பிடிக்கும் கத்தோலிக்க ஆசிரியை இருக்கிறார், நாம் இருக்கிறோம். கேள்வி கேட்காமல் எல்லோரும் ஒரே தட்டில் கை வைக்கக் கூடியது தேங்காய்ப் பாலில் குழைத்த மரக்கறி பெட்டிஸ் மட்டும்தான். இப்படியொரு நாட்டில் அது சின்ன விஷயம் என்று எமக்குப் படவில்லை.

கேட்பவர்களுக்காக எமது வீட்டு முறையையும் எழுதி விடுகிறோம். எம்பனாடாவின் கறியும் பெட்டிஸின் மேலோடும் சேர்ந்தது இது.

கோதுமை மா 500 கிராம், மாஜரின் 125 கிராம், ஒரு தேக்கரண்டி உப்பு. மாஜரினை மாவோடு விரலால் பிசறி, பாண் தூள் போல வந்ததும் மெல்லிய தேங்காய்ப் பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டுக் குழையுங்கள். 200 மில்லிலீற்றருக்கு மேல் தேவைப்படாது. கடைசியில் அரை எலுமிச்சம் புளி. முட்டை போடுவது வழக்கம்தான், மேலே சொன்ன காரணத்துக்காக நாம் போடுவதில்லை. ஈரத்துணி மூடி அரை மணித்தியாலம் வைக்க வேண்டும். அவசரப்பட்டு உருட்டினால் மா சுருங்கித் திரும்பி வரும்.

கறிக்குப் பூசணிக்காய் 250 கிராம், அவித்த உருளைக்கிழங்கு 250 கிராம், அவித்த சோள மணி ஒரு கோப்பை, ஒரு பிடி பசளிக்கீரை. பூசணியைச் சின்னச் சின்னதாக வெட்டிக்கொள்ளுங்கள். வெங்காயம் மூன்றையும் பச்சைக் கொச்சிக்காயையும் கறிவேப்பிலை, றம்பையோடு எண்ணெயில் நன்றாக வதக்கி, வறுத்துப் பொடித்த சின்னச் சீரகம் ஒரு தேக்கரண்டி போடுங்கள். ஆர்ஜென்டீனாவிலும் சீரகம் இல்லாத எம்பனாடா அரிது. பூசணி வெந்ததும் கீரையைப் போட்டு, தண்ணீர் முழுவதும் வற்றும்வரை கிண்டி, பிறகு சோளமும் மசித்த கிழங்கும் சேர்த்து இறக்குங்கள். மரக்கறி பெட்டிஸில் வெடிப்பு வருவது இந்த இடத்தில்தான். கறியில் ஈரம் இருந்தால் மா நனைந்து எண்ணெயில் வாய் திறக்கும். கறி நன்றாக ஆறிய பிறகே உள்ளே வைக்க வேண்டும்.

வட்டமாக வெட்டி, விளிம்பில் தண்ணீர் தொட்டு மடியுங்கள். நாம் முள்ளுக்கரண்டியால் அமத்துவோம். ஆர்ஜென்டீனாவில் விரலால் கயிறு போல முறுக்குவார்கள், 'ரெபுல்கே' என்று அதற்குப் பெயர். உள்ளே என்ன கறி என்பதை முறுக்கின் வடிவத்தைப் பார்த்தே கண்டுபிடிக்கலாம். இந்த யோசனை எமக்கு நல்ல பிரயோசனமானது. இறைச்சி பெட்டிஸுக்கு முள்ளுக்கரண்டி, மரக்கறிக்கு முறுக்கு என்று வைத்துக்கொண்டால், பெரிய சஹனில் இரண்டும் கலந்து கிடந்தாலும் வெள்ளிக்கிழமைக்காரர் பிய்த்துப் பார்க்கத் தேவையில்லை.

இந்த அளவுக்கு 30 வரை வரும். மிதமான சூட்டில் பொரியுங்கள். எண்ணெய் வேண்டாம் என்பவர்கள் மேலே கொஞ்சம் பால் தடவிப் போறணையில் சுடலாம். ஆறு பெட்டிஸை எடுத்து மூடி, இப்தாருக்கு முன்னமே பக்கத்து வீட்டுக்கு அனுப்பி விடுங்கள், பிறகு மிஞ்சாது.